கடற்கரை மேடையில் ஒரே ஆள் மூன்று குரலில் பேசுவது எப்படி?

கேள்வி நீளமாக இருந்ததால், பின்னால் படிக்க வருகிறவர்களுக்காகச் சுருக்கிவிடுகிறேன். பாம்பன் தீவில் வடகடல் ஓரத்து ஊர். 1964 டிசம்பர் 22 இரவு தனுஷ்கோடியை அழித்த புயலைப் பற்றி ஒரு நாடகம், வருகிற டிசம்பரில், மணலில் மேடை போட்டு. கேட்டவர் 24 வயது ஆண். அவருக்கு மூன்று வேடம்: கிழட்டு மீனவர், மகனைக் கடலுக்குக் கொடுத்த தாய், பிறகு கடலே. உடை மாற்ற நேரமில்லை, குரலால்தான் மூன்றையும் பிரிக்க வேண்டும். நிற்கும் மைக் இரண்டுதான் இருக்கிறது. ஒத்திகை தொடங்கிய மூன்றாம் நாளே தொண்டை கட்டிக்கொண்டது. பின்னால் நின்ற நண்பர் “ஆ, ஓன்னுதான் கேட்டுச்சு, வார்த்தை ஒண்ணும் விளங்கல” என்றாராம். கையில் ஆறு வாரம் இருக்கிறது.

நீங்கள் கேட்டது “மூன்று குரலை எப்படி வரவழைப்பது” என்று. ஆனால் உங்கள் கடிதத்தில் அதற்கு முன்னால் தீர்க்க வேண்டிய கேள்வி ஒன்று ஒளிந்திருக்கிறது. காற்றோடு மல்லுக்கு நின்று கத்துகிற தொண்டையில் ஒரு குரல்தான் இருக்கும், அது கத்தல். கிழவர் கத்தினாலும் தாய் கத்தினாலும் கடைசி வரிசைக்கு ஒரே ஆள் கத்துவதாகத்தான் படும். ஆகவே முதலில் காற்றிலிருந்து தொடங்குகிறேன்.

திறந்த வெளியில் தூரம் இரட்டிப்பாகும் ஒவ்வொரு முறையும் சத்தம் ஏறத்தாழ 6 டெசிபல் குறையும். உங்கள் வாயிலிருந்து 1 மீட்டரில் இருக்கும் சத்தம் 2, 4, 8, 16, 32 மீட்டர் என்று போகும்போது ஐந்து முறை குறைந்து 30 டெசிபல் இழந்திருக்கும். அதைக் கத்தி ஈடுகட்ட ஆயிரம் மடங்கு ஒலி ஆற்றல் வேண்டும். எந்தத் தொண்டையாலும் முடியாது. கூடவே மணல் சத்தத்தைக் குடித்துவிடும். சிமெண்ட் தரை கொஞ்சமாவது திருப்பி அனுப்பும், மணல் அனுப்பாது. காற்றடிக்கும் திசைக்கு எதிராகப் பேசினால் ஒலி மேல்நோக்கி வளைந்து, உட்கார்ந்திருப்பவர்களின் தலைக்கு மேலே போய்விடும். காற்று உங்கள் முதுகுப் பக்கமிருந்து வந்தால் அதே ஒலி கீழ்நோக்கி வளைந்து அவர்கள் காதில் இறங்கும்.

டிசம்பரில் உங்கள் ஊரில் அடிப்பது வாடை. வடகிழக்கிலிருந்து, அதாவது கடலிலிருந்து ஊரை நோக்கி. விழாக்களில் வழக்கமாக ஊர்ப் பக்கம் மேடை போட்டு, சனத்தைக் கடலுக்கு முதுகு காட்டி உட்கார வைப்பார்கள். உங்கள் மேடையும் அப்படித்தான் என்றால் உங்கள் தொண்டை கட்டியதற்குப் பாதிக் காரணம் அதுதான். மேடையைத் திருப்புங்கள். நடிகனின் முதுகு கடலுக்கு, பார்ப்பவர் முகம் கடலுக்கு. அலைச் சத்தமும் காற்றோடு சேர்ந்து வரும் என்பது உண்மைதான், அதற்காக மேடையை அலையிலிருந்து ஐம்பது அறுபது மீட்டர் உள்ளே தள்ளிப் போடுங்கள். பின்னால் ஓலைத் தட்டி வேண்டாம், ஒலி அதன் வழியே ஓடிவிடும். ஆளுயரத்துக்கு மேல் நான்கைந்து பிளைவுட் பலகை, அல்லது கரையேற்றிய பைபர் வள்ளம் ஒன்றைப் பக்கவாட்டில் சாய்த்து அதன் அடிப்பக்கம் சனத்தைப் பார்க்கும்படி நிறுத்தினால், பின்னால் போகும் குரலில் ஒரு பங்கு முன்னால் திரும்பும். காட்சிக்கும் பொருந்தும். இதே நாடகத்தை ஆடி மாதம் கச்சான் காற்றில் போடுவதாக இருந்தால் கணக்கு தலைகீழ். அப்போது காற்று தென்மேற்கிலிருந்து வரும்.

ஒத்திகை நேரமும் முக்கியம். மதிய மணல் கொதிக்கும்போது ஒலி மேல்நோக்கி வளையும். இரவில் மணல் குளிர்ந்தபின் அதே குரல் தெளிவாகத் தூரம் போகும். நாலு மணி வெயிலில் ஒத்திகை பார்த்து “கேட்கலை” என்று கத்திப் பழகினால் அந்தக் கத்தலே இரவு நாடகத்துக்கும் வந்துவிடும். முழுக் குரல் ஒத்திகையைப் பொழுது சாய்ந்தபின் வைத்துக்கொள்ளுங்கள்.

இனி தொண்டை. குரல் நாண்கள் இரண்டும் ஆணுக்கே ஏறத்தாழ இரண்டு சென்டிமீட்டர் நீளமுள்ள சதை மடிப்புகள். பேசும்போது ஆணுக்கு நொடிக்கு நூறிலிருந்து நூற்று முப்பது முறை வரை, பெண்ணுக்கு இருநூறு முறை போல ஒன்றோடொன்று தட்டிக்கொள்கின்றன. கத்தும்போது அந்தத் தட்டல் அறையாக மாறும். மாலை முழுவதும் அறைந்தால் வீங்கும், வீங்கினால் முழுதாக மூடாது, கரகரக்கும். இதுவரை ஐயமில்லை. பனங்கற்கண்டு, மிளகு, அதிமதுரம், சித்தரத்தை பற்றிக் கேட்டிருந்தீர்கள். விழுங்குவது எதுவும் குரல் நாணைத் தொடுவதில்லை, தொட்டால் புரையேறும். தொண்டைச் சுவருக்கு இதமாக இருக்கும், எச்சில் ஊறும், அந்த அளவில் நல்லது. வீக்கத்தை இறக்கும் என்று நம்பி மேலும் கத்துவதுதான் ஆபத்து. ஐஸ் தண்ணீர் குரலைக் கெடுக்கும் என்பதில் நம்பிக்கை பலம், ஆதாரம் மெலிவு. குசுகுசுவென்று பேசுவது ஓய்வு ஆகாது, அழுத்திக் குசுகுசுப்பதும் சிரமமே. பேசாமல் இருப்பதுதான் ஓய்வு. வெறும் வெந்நீர் ஆவி பத்து நிமிடம் பிடிக்கலாம். வெற்றிலைப் புகையிலை, பீடி, ஒத்திகை முடிந்து நள்ளிரவில் பிரியாணி சாப்பிட்டு உடனே படுப்பது, மூன்றையும் இந்த ஆறு வாரம் விடுங்கள். கடைசியாகச் சொன்னது பலருக்குத் தெரியாது. படுத்தவுடன் வயிற்றுப் புளிப்பு மேலேறிக் குரல் நாணை அரிக்கும். கரகரப்பு மூன்று வாரம் தாண்டினாலோ, வலி, ரத்தம், மூச்சு முட்டல் இருந்தாலோ நாடகத்தை ஒதுக்கி வைத்துவிட்டு ராமநாதபுரத்திலோ மதுரையிலோ காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் குழாய் விட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். எழுத்தைப் படித்து ஒருவர் குரலை நோயறிய என்னால் முடியாது.

முதல் இரண்டு வாரம் முழுக் குரலே வேண்டாம். தினம் காலையில் இருபது நிமிடம் இதைச் செய்யுங்கள். பாயில் மல்லாந்து படுத்து, அரைக் கிலோ உப்புப் பாக்கெட் ஒன்றைத் தொப்புள் மேல் வையுங்கள். மூச்சை இழுக்கும்போது பாக்கெட் உயர வேண்டும், தோள் அசையக் கூடாது. ‘ஸ்’ என்று சீராக வெளியே விடுங்கள். முதல் நாள் 12 நொடி வந்தால் போதும். 25 நொடி வரை போகலாம், அதற்கு மேல் போய்ப் பயனில்லை. பிறகு ஒரு டம்ளர் தண்ணீரில் ஸ்ட்ரா ஒன்றை இரண்டு விரல் ஆழம் அமிழ்த்தி, அதன் வழியே ‘ஊ’ என்று குரல் கொடுங்கள். குமிழி சீராக வர வேண்டும். கீழிருந்து மேலே, மேலிருந்து கீழே குரலை வழுக்க விடுங்கள், ஐந்து நிமிடம். வாய்ப் பக்கம் எதிர் அழுத்தம் இருப்பதால் நாண்கள் மெதுவாகத் தட்டிக்கொள்ளும், கட்டிய தொண்டைக்கும் இது பாதுகாப்பு. குழந்தைகள் மோட்டார் ஓட்டுவதுபோல் உதட்டை ‘ப்ர்ர்ர்’ என்று அதிர வைப்பதும் அதே வேலையைச் செய்யும். கடைசியாக ‘ங்’ என்று மூக்கோரத்தில் ரீங்கரித்து, அந்த இடம் நழுவாமல் ‘ங்ஏ…’ என்று திறந்து பாருங்கள்.

அந்த ‘ங்ஏ’ இருக்கிறதே, அதில்தான் உங்கள் கடைசி வரிசை இருக்கிறது. மனிதக் காது நொடிக்கு 3000 அதிர்வு சுற்றுவட்டாரத்தில்தான் மிகக் கூர்மை. பயிற்சி பெற்ற ஆண் பாடகர்களின் குரலில் அந்த இடத்தில் ஆற்றல் குவிவதை 1970களில் சுவீடன் ஆய்வாளர் யோஹான் சுந்த்பெரி விளக்கினார். அலைச் சத்தத்தின் பலம் பெரும்பாலும் அதற்குக் கீழே. அதனால் கனத்த குரல் அலையில் மூழ்கும், கூர்மையான குரல் கீறிக்கொண்டு போகும். இதற்குப் பாடம் தேடி வெளியூர் போக வேண்டாம். விடிகாலையில் மீன் ஏலம் கூறுகிறவர் பக்கத்தில் போய் நில்லுங்கள். அவர் கத்துவதில்லை. வாயை அகலமாக வைத்து, குரலை முன்பல்லுக்கும் மூக்குக்கும் நடுவே மெலிதாக்கி, மணிக்கணக்கில் கூறுகிறார். மைக் இல்லாத காலத்தில் ஸ்பெஷல் நாடகம் என்ற இசை நாடகத்தின் நடிகர்கள் ஐந்து, ஐந்தரைக் கட்டையில், அதாவது மிக உயர்ந்த சுருதியில், பாடியதற்கும் காரணம் இதுவே.

‘ஆ, ஓ’ மட்டும் கேட்டது என்றாரே உங்கள் நண்பர், அதற்கு இன்னொரு காரணம் நம் மொழியிலேயே இருக்கிறது. உயிரெழுத்து தூரம் போகும், மெய்யெழுத்து வழியில் உதிரும். தமிழில் வினை கடைசியில் வருகிறது, யார் என்பதும் இல்லை என்பதும் அந்த வினையின் வாலில் தொங்குகின்றன. வந்தான், வந்தாள், வந்தார் மூன்றுக்கும் வித்தியாசம் ஒரே ஒரு கடைசி மெய். வரும், வரல என்பதில் கதையே தலைகீழ். நடிகனின் மூச்சு தீர்வதும் சரியாக அதே இடத்தில்தான். வாக்கியத்தைப் பெரிதாகத் தொடங்கி வாலை முழுங்கிவிடுகிறோம். ஆகவே வசனத்தைப் பின்னாலிருந்து கட்டுங்கள். முதலில் “வரல.” பிறகு “கரைக்கு வரல.” “அவன் கரைக்கு வரல.” “மூணு நாளாச்சு, அவன் கரைக்கு வரல.” ஒவ்வொரு முறையும் ‘வரல’வுக்கு முதலில் கொடுத்த அதே அளவு மூச்சு மிச்சமிருக்க வேண்டும். மிச்சமில்லையா, ‘மூணு நாளாச்சு’வுக்குப் பிறகு மூச்சு எடுங்கள். ‘ட்ட’, ‘ற்ற’, ‘ப்ப’, ‘க்க’ வரும் இடங்களில் அரை நொடி அடைத்துத் திறங்கள். “கட்டுமரம்” என்பதில் அந்த அடைப்பு இல்லாவிட்டால் தூரத்தில் ‘க…உ…அ…’ என்றுதான் போய்ச் சேரும். இந்த ஒரு பயிற்சியைச் செய்தால் மற்றதில் பாதியை விட்டாலும் பாதகமில்லை என்பது என் கணிப்பு.

இப்போது மூன்று குரல். தொல்காப்பியம் பிறப்பியலில் எழுத்து பிறப்பதைச் சொல்லும்போது, உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு ஆகிய இடங்களில் நின்று, பல், உதடு, நா, மூக்கு, அண்ணத்தால் உருப்பெறுகிறது என்கிறது. மேடைக்கு இது நல்ல வரைபடம். ஒரு சிறு திருத்தம் மட்டும்: நெஞ்சில் அதிர்வதாக உணர்வது உணர்வுதான், வெளியே கேட்கும் ஒலியை உண்மையில் வார்ப்பது தொண்டைக்கு மேலே இருக்கும் குழல். இருந்தாலும் “நெஞ்சில் பேசு” என்று சொன்னால் உடம்புக்குப் புரிகிறது, அதனால் அந்தப் பேச்சை நான் கைவிடுவதில்லை.

கிழவரை எல்லோரும் போல நடுக்கத்தோடு, அடிக்குரலில் தொடங்காதீர்கள். முதுமையில் ஆண் குரல் தாழ்வதில்லை, சற்று உயரும். பெண் குரல்தான் தாழும். கிழவருக்கு உங்கள் பேச்சுச் சுருதியிலிருந்து ஒரு கட்டை ஏற்றுங்கள், கொஞ்சம் காற்றுக் கலந்து விடுங்கள். முதுமை தெரிவது மூச்சின் நீளத்தில். ஒரு மூச்சுக்கு நான்கு சொல், அதற்கு மேல் வேண்டாம், இடைவெளியும் ஒழுங்கில்லாத இடங்களில் விழட்டும். வாழ்நாளெல்லாம் வள்ளத்துக்கு வள்ளம் கூப்பிட்டவர், பக்கத்தில் இருப்பவரிடமும் உரக்கத்தான் பேசுவார், அதையும் சேருங்கள். கரைவலை இழுக்கும் காட்சி இருக்கிறது என்கிறீர்கள். கயிற்றை முக்கி இழுக்கும் நொடியில் குரல்வளை தானாக இறுக மூடிக்கொள்ளும், அப்போது பேசினால் குரல் நசுங்கும். வலை இழுக்கும்போது அம்பாப் பாட்டு பாடுகிறவர்களைக் கவனியுங்கள். ஒருவர் எடுத்துக் கொடுக்கிறார், மற்றவர்கள் ஏற்கிறார்கள், சொல்லும் இழுப்பும் மாறி மாறி விழுகின்றன. உங்கள் வசனத்தையும் இழுப்புக்கும் இழுப்புக்கும் நடுவில் வையுங்கள்.

தாய்க்குக் கள்ளக்குரல் வேண்டாம். ஆண் பெண் குரலில் பேசினால் முதல் வரியிலேயே சிரிப்பு எழும், பபூன் வேடத்துக்குத்தான் அது சரி. ஒரு கட்டையில் பேசுகிறவர் மூன்றுக்குப் போனால் போதும். உதட்டைச் சற்றே விரித்து, நாக்கை முன்னால் வையுங்கள், வாய்க்குள் இடம் சிறுக்கும், குரலும் சிறுக்கும். நெஞ்சின் கனத்தை எடுத்துவிடுங்கள். அழுகையின் அடையாளம் அலறல் அன்று, உள்ளிழுக்கும் மூச்சு. ஒப்பாரியில் விளிச்சொல் நீண்டு மேலே நிற்கும், பிறகு வரி படிப்படியாகக் கீழே இறங்கும், அடியில் மூச்சு தீர்ந்து, விக்கலோடு அடுத்த மூச்சு உள்ளே போகும். அந்த விக்கல் சத்தம் மைக்கில் விழட்டும். அதன்பின் மூன்று நொடி ஒன்றும் இல்லை. அந்த மூன்று நொடியைக் குறைக்கத்தான் உங்கள் மனசு துடிக்கும், விடாதீர்கள். ஒரு விஷயம்: இழவு இல்லாத வீட்டில் ஒப்பாரி பாடக் கூடாது என்று எண்ணும் பெண்கள் உண்டு, அவர்களை நச்சரித்துப் பாடச் சொல்லிப் பழக வேண்டாம். உங்கள் பார்வையாளர்களில் கடலுக்கு ஆள் கொடுத்த குடும்பங்களும் இருக்கும். அந்தக் காட்சியில் யாருடைய உண்மையான அழுகையையும் அச்சடித்ததுபோல் செய்துவிடாதீர்கள்.

கடலைத்தான் நீங்கள் அதிகம் ஆசைப்பட்டுக் கேட்டிருக்கிறீர்கள், உறுமல், கீச்சல், இரட்டைக் குரல் எல்லாம் இணையத்தில் பார்த்ததாகச் சொல்கிறீர்கள். அந்த வழியின் வேர் ஆல்ஃபிரட் வொல்ஃப்ஸோன் (1896–1962) என்ற ஜெர்மானியர். முதல் உலகப் போரில் காயம்பட்டவர்களைத் தூக்கிச் சுமந்தவர், சாகிறவர்களின் கூக்குரல் போருக்குப் பின்னும் காதை விட்டு அகலாமல், மனிதக் குரலின் எல்லையைத் தேடத் தொடங்கினார். லண்டனில் அவரிடம் படித்த ராய் ஹார்ட் ஒரு நாடகக் குழுவை உருவாக்கினார். அந்தக் குழு 1974இல் தெற்கு பிரான்சில் மாலெரார்க் என்னும் இடத்தில் குடியேறியது. ஆண் குரல், பெண் குரல் என்ற வேலியை உடைத்ததும், உடைந்த குரலையும் அழகற்ற குரலையும் மேடைக்கு உரியதாக்கியதும் அவர்கள் சாதனை. அந்தப் பயிற்சி மனக் காயத்தை ஆற்றும் என்று சொல்லப்படுவதை நான் அதே உறுதியோடு சொல்ல மாட்டேன். ஆனால் அவர்கள் பல ஆண்டுகள் ஆசிரியர் பக்கத்திலிருந்து பழகியவர்கள். வீடியோ பார்த்து, வீங்கிய தொண்டையோடு, ஆறு வாரத்தில் உறுமப் போனால் நாடகத்தன்று உங்களிடம் எந்தக் குரலும் இருக்காது.

குரல் நாணைத் தொடாமலே கடலைச் செய்யலாம். ‘ஸ்’, ‘ஷ்’, ‘ஹ்’, ‘ஃப்’ நான்கும் வெறும் காற்று. ‘ஷ்’ சொல்லிக்கொண்டே உதட்டைக் குவித்தால் ஒலி தாழும், விரித்தால் ஏறும். அலை வந்து மோதித் திரும்பும் ஓசை அதற்குள் இருக்கிறது. எட்டுப் பேரை உங்கள் பின்னால் நிறுத்துங்கள். ஒவ்வொருவரும் ஆறு நொடி எழுப்பி நான்கு நொடி அடங்கட்டும், ஆனால் ஒருவர் தொடங்கி ஒரு நொடி கழித்து அடுத்தவர். ஒரே நேரத்தில் தொடங்கினால் குக்கர் சத்தம், பிரித்துத் தொடங்கினால் கடல். அதன்மேல் நீங்கள் தாழ்ந்த, மெலிந்த குரலில், அவசரமில்லாமல் பேசுங்கள். கடல் கத்த வேண்டிய தேவையே இல்லை. ‘க்ர்ர்ர்’ என்று கதவு கிறீச்சிடும் அடிக்குரல் மெதுவாகச் செய்தால் கெடுதல் இல்லை, இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். உங்கள் பக்கத்தில் வடகடலைப் பெண்கடல் என்றும் தென்கடலை ஆண்கடல் என்றும் சொல்வார்கள். அதைப் பெண் குரலாகவும் ஆண் குரலாகவும் மாற்றிக் காட்டத் தோன்றும், தவிர்ப்பது நல்லது. டிசம்பர் வாடையில் கொந்தளிப்பது அந்தப் பெண்கடல்தான் என்பது முன்வரிசைக் கிழவிக்குத் தெரியும். அமைதியான குரலைச் சிறிதும் மாற்றாமல், காற்று ஓசை மட்டும் பின்னால் ஏறட்டும்.

இதற்கெல்லாம் மைக் வேண்டும், அதனால் இரண்டில் ஒன்றைக் கடலுக்கென்றே ஒதுக்குங்கள். வாயிலிருந்து நான்கு விரல் தூரம், நேராக இல்லாமல் சற்றுச் சாய்வாக. நேராக வைத்தால் ‘ப’ ஒவ்வொன்றும் வெடிக்கும். பஞ்சு உறை தடிமனாகப் போடுங்கள், கைக்குட்டை சுற்றினால் கடற்காற்றுக்குப் போதாது. ஒலிபெருக்கிக்காரரிடம் முன்கூட்டியே கேளுங்கள்: மரத்தில் கட்டும் குழாய் ஸ்பீக்கர் தாழ்ந்த ஒலியைத் தராது. உங்கள் அடிக்குரல் அதில் கொசு ரீங்காரம்போல் வெளிவரும். பெட்டி ஸ்பீக்கர் இரண்டு இருந்தால்தான் கடல் காட்சி நிற்கும். கிடைக்காவிட்டால் அடிக்குரலை விட்டுவிட்டு ‘ஷ்’ கூட்டத்தை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அது குழாயிலும் நன்றாக வரும்.

மூன்றாம் வாரத்திலிருந்து முழுக் குரல் ஒத்திகை, ஒரே மூச்சில் 20 நிமிடத்துக்கு மேல் வேண்டாம், பிறகு 10 நிமிடம் வாய் திறக்கக் கூடாது. முடிந்ததும் ஸ்ட்ராவில் இரண்டு நிமிடம். மேடையில் பேசாத நேரமெல்லாம் வாயை மூடி மூக்கால் மூச்சு விடுங்கள், காற்று தொண்டையை உலர்த்தும் அளவு கடற்காற்றில் உள்ள உப்பு ஒன்றும் செய்வதில்லை. வாரம் ஒருமுறை, நாடகத்தின் கதை தெரியாத ஒருவரைக் கடைசி வரிசை இடத்தில், மேடையிலிருந்து நாற்பது தப்படியில் உட்கார வைத்து, கேட்டதைக் கேட்டபடி நோட்டில் எழுதச் சொல்லுங்கள். “நல்லா இருந்துச்சு” என்ற பாராட்டு வேண்டாம், எழுத்து வேண்டும். வந்தான் என்று நீங்கள் சொன்னது வந்தா என்று எழுதியிருந்தால் எந்த வரியில் மூச்சு தீர்ந்தது என்று தெரிந்துவிடும். அந்த நோட்டில் ‘இப்போ பேசுறது யாரு’ என்று ஓரத்தில் ஒரு கட்டமும் போடச் சொல்லுங்கள். கிழவர், தாய், கடல் மூன்றும் இரண்டு சொல்லுக்குள் சரியாக விழும் வரை உடம்பசைவு எதையும் சேர்க்காதீர்கள்.